பன்னிரண்டாம் நம்பர் மலையில் ஒரு கடற்போர்

"எண்பது வருசத்துக்கு முன்னமே மூழ்கிப்போன கப்பல மறுபடி மூழ்கடிக்க யாராவது திட்டம் போடுவாங்களா, சேர்?"

விஜயகலா சிங்களத்தில்தான் கேட்டாள். காலையிலிருந்து அவள் கையில் இருந்த ஒரே துருப்பு அது. அதையும் இறக்கிவிட்டாள்.

இன்ஸ்பெக்டர் மேசையில் கிடந்த கொப்பியைப் புரட்டினார். அட்டையில் '12' என்ற எண் மட்டும். உள்ளே பக்கத்துக்குப் பக்கம் பத்துக்குப் பத்துக் கட்டங்கள். மேலே அ, ஆ, இ என்று எழுத்துகள். ஓரத்தில் ஒன்று முதல் பத்து வரை எண்கள். சில கட்டங்களில் கறுப்புப் புள்ளி, சிலவற்றில் பெருக்கல் குறி. பக்கத்தில் திகதிகள். அடியில் ஐந்து பெயர்கள்: ஹெர்மிஸ், கார்ன்வோல், டோர்செட்ஷயர், வெம்பயர், ஹொலிஹொக். ஐந்தும் இரண்டாம் உலகப் போர்க் கப்பல்கள். 1942 ஏப்ரலில், ஐந்தாம் திகதிக்கும் ஒன்பதாம் திகதிக்கும் இடையில், ஜப்பான் விமானங்கள் இலங்கைக்கு அக்கம்பக்கத்துக் கடலில் அனுப்பிவைத்தவை. எங்கே அனுப்பினார்கள் என்றால், அடியாழத்துக்கு.

"போட மாட்டாங்க, மிஸ்," என்றார் இன்ஸ்பெக்டர். "ஆனா செத்தவங்க பேரை உயிரோட இருக்கிறவங்களுக்கு வைப்பாங்க. என் மூத்த மகனுக்கு அவன் சீயா பேருதான், அதான் எங்கப்பா பேரு."

அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. முட்டாள்தனமான பதிலாக இருந்தால் சண்டை போடலாம். இது நியாயமான பதிலாக இருந்து தொலைத்தது.

"அப்ப இது விளையாட்டு, சேர். கட்டத்துக்குள்ள கப்பல ஒளிச்சு வச்சுக்கிட்டு, எதிராளி ஒவ்வொரு கட்டமாச் சொல்லிச் சொல்லிக் குண்டு போடுறது. புள்ளி வச்சா பட்டுச்சு, பெருக்கல் போட்டா தண்ணியில விழுந்துச்சு."

"நானும் அப்படித்தான் நெனைச்சேன். விளையாட்டுன்னா ரெண்டு பேர் வேணுமே? மற்ற ஆள் எங்க? பையனைக் கேட்டா, தனியா விளையாடினேன்கிறான். தன் கப்பலைத் தானே ஒளிச்சு வச்சுத் தானே தேடுறவனை நான் பார்த்ததில்ல." அவர் சுவர்க் கடிகாரத்தைக் காட்டினார். பதினொன்று நாற்பது. "நாலு மணிக்குக் கொழும்பிலேருந்து வண்டி வருது. அவன் அதுல ஏறிட்டா, அப்புறம் இது என் மேசை விசயமில்ல. அதுக்கு முந்தி அந்த ரெண்டாவது ஆளைக் கொண்டு வாங்க. பார்ப்போம்."

வண்டியில் ஏறிவிட்டால் எத்தனை மாதம், எத்தனை வருடம் என்று யாருக்கும் சொல்லத் தெரியாது.

வெளியே வாங்குப் பலகையில் தங்கம்மா, மடியில் சோற்றுப் பார்சலோடு உட்கார்ந்திருந்தாள். கொஸ்கஹவெல தோட்டத்தில் றப்பர் பால் வெட்டுகிறவள். உள்ளே இருப்பது அவளுடைய ஒரே மகன் மதுசன். மட்டக்களப்புக் கடற்கரையில் நின்று, கையில் ஒரு கொப்பியைத் தூக்கிப் பிடித்துக் கடலைப் படம் எடுத்தானாம். யாரோ தகவல் கொடுக்க, நேற்று ஊரில் பஸ்ஸை விட்டு இறங்கிய கையோடு பிடித்துக்கொண்டார்கள். 'உன் மகன் பையில் கடற்படைப் படங்கள் இருந்தன' என்பதற்கு மேல் அவளிடம் யாரும் ஒன்றும் சொல்லவில்லை. விடிந்ததும் விடியாததுமாகத் தெஹியோவிட்ட கடைத்தெருவில், ஹாட்வெயார் கடைக்கு மேல் இருக்கும் விஜயகலாவின் துப்பறியும் அலுவலகத்துக்கு வந்து, ஒப்பந்தத் தாளில் பெருவிரலை ஊன்றிவிட்டு அழுதாள். பொலிஸில் கொடுத்த வாக்குமூலத்திலும் அதே பெருவிரல்தான்.

"மிஸ், என்னா சொன்னாரு?"

"இருங்க. சாப்பாடு குடுக்க விடச் சொல்றேன்," என்றாள் விஜயகலா. மறுபடி உள்ளே போனாள்.

மதுசனுக்கு இருபத்தொரு வயது. அவிசாவளையில் போன் திருத்தும் கடையில் வேலை. கம்பிக்குப் பின்னால் சுவரோடு சுவராக நின்றான்.

"கொப்பி யாருது, தம்பி?"

"என்னோடதுதான்."

"டோர்செட்ஷயர்னு எழுதியிருக்கியே, அது என்னா மாதிரிக் கப்பல்?"

"நீர்மூழ்கி."

விஜயகலா கண்ணை மூடித் திறந்தாள். கொப்பியின் பதினேழாம் பக்க ஓரத்தில் பொடி எழுத்தில் எழுதியிருந்தது: 'ஜெர்மன்காரன் பிஸ்மார்க்கைக் கடைசியாக டோர்பிடோ போட்டு முடித்த குரூசர் இது. ஒரு வருசம்கூட ஆகவில்லை, இதுவும் போனது.' அதை எழுதிய கைக்கும் இந்த வாய்க்கும் சம்பந்தமே இல்லை.

"யாரைக் காப்பாத்துறே?"

"யாரையும் இல்ல. என்னோடதுதான். போங்க, மிஸ்."

வாசலில் ஜமால்தீன் தன் ஆட்டோவின் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தான். ஐம்பது வயது. விஜயகலாவின் சாரதி, உதவியாளர், கேட்காமலே கருத்துச் சொல்லும் இலாகா, மூன்றும் அவனே.

"மொகத்தப் பார்த்தா கப்பல் கவுந்த மாதிரி ஈக்கி, மிஸ்."

"கப்பல்னு இன்னொரு தரம் சொன்னே, எறங்கி நடந்துருவேன்."

"நடங்க. மழ வருது. போயாவுக்கு பஸ்ஸும் கொறவு."

அதுவும் உண்மை. போயா நாள், பௌர்ணமி விடுமுறை. தெரிந்த சட்டத்தரணி விகாரைக்குப் போய்விட்டார். கந்தோர், அலுவலகம் எல்லாம் பூட்டு. அவள் ஆட்டோவுக்குள் ஏறி, இன்ஸ்பெக்டர் அனுமதியோடு போனில் படம் எடுத்திருந்த கொப்பிப் பக்கங்களை விரலால் தள்ளினாள். ஜூன் மாதப் பக்கம். மூன்று, ஐந்து, ஏழு, ஒன்பது. பிறகு பதினைந்து, பதினேழு. பிறகு இருபத்தொன்று.

"ஒருநாள் விட்டு ஒருநாள் எழுதியிருக்கு. நடுவுல பதினொன்னு இல்ல, பதிமூனு இல்ல, பத்தொம்பது இல்ல. துறைமுகத்துக்குக் கப்பல் வராத நாள்னு இன்ஸ்பெக்டர் சொல்றாரு."

ஜமால்தீன் திரும்பிப் பார்த்தான். "ஜூன் பதினொன்னா? அது வெள்ளம்லா? பத்துலேருந்து பதினாலு வரைக்கும் இந்த ரோட்டுல நான் ஆட்டோவா ஓட்டினேன்? வள்ளம் ஓட்டினேன்! ஒரு ஆளு ஏறும்போது துடுப்பு எங்கன்னு கேட்டான்."

"பத்தொம்பது?"

"எங்க தாத்தாட, அதான் அக்காட, மகளுக்குக் கலியாணம். பந்தல் மழையில அப்புடியே வுழுந்து, மாப்புள பிரியாணிச் சட்டிய மூடியோட தூக்கிட்டு ஓடினாரு. பொண்ணக்கூட அப்புடிக் கவனமாத் தூக்கல்ல."

விஜயகலா சிரிக்கவில்லை. நிமிர்ந்து உட்கார்ந்தாள். "ஜமால். மழை பெய்ஞ்சா வேலை நிக்கிறது யாருக்கு?"

"எனக்கு. மேசன் பாசுக்கு. நெல்லு காயப்போடுறவனுக்கு."

"அவங்கெல்லாம் தினமும் வேலை செய்வாங்க. இந்த ஆளுக்கு ஒருநாள் விட்டு ஒருநாள்தான், மழையில வேலையே இல்ல. ஒரே மரத்தை இன்னிக்கு வெட்டினா நாளைக்கு விடணும். பட்டை நனைஞ்சிருந்தா கத்தியே வைக்கக் கூடாது."

ஜமால்தீன் ஒரு விசில் அடித்தான். "றப்பர்!"

"அட்டையில பன்னெண்டுன்னு போட்டிருக்கு. இன்ஸ்பெக்டர் அதைப் பன்னெண்டாவது இலக்குன்னு நெனைக்கிறாரு. தோட்டத்துல மலைக்கெல்லாம் நம்பர்தானே? பன்னெண்டாம் நம்பர் மலையில பால் வெட்டுற யாரோ எழுதினது. அந்த ஆளுக்காகத்தான் பையன் வாயை மூடிக்கிட்டிருக்கான்."

"அவன்ட உம்மாவே பால் வெட்டுற ஆளுதானே, மிஸ்?"

"கைநாட்டு, ஜமால். என் கண்ணு முன்னால வச்சா. நீதான மைப்பெட்டியத் தூக்கிக் குடுத்தே? வண்டிய எடு."

அவன் தோளைக் குலுக்கிவிட்டு வண்டியை எடுத்தான்.

கொஸ்கஹவெல தோட்டத்து ஏற்றத்தில் ஆட்டோ இரண்டு முறை நின்றது. இரண்டாவது முறை விஜயகலாவே இறங்கித் தள்ளினாள். செருப்பு சேற்றில் சொருகிக்கொண்டது. மணி ஒன்று ஐம்பது. பன்னிரண்டாம் நம்பர் மலைக்கு ஏறும்போது இலை இலையாய்ச் சொட்டிக்கொண்டிருந்தது. ஆள் இல்லை. வெட்டு இல்லாத நாள். மரத்துக்கு மரம் கம்பியில் பால் பிடிக்கும் சிரட்டைகள் கவிழ்ந்து கிடந்தன.

"இத்தன மரத்துக்கும் வாக்குமூலம் எடுப்பமா?" என்றான் ஜமால்தீன். "மொதல் சாட்சி, ஊமை."

அவள் பல்லைக் கடித்துக்கொண்டு சரிவில் ஏறினாள். ஆறாவது மரத்தில் நின்றாள். வெட்டுக்கோட்டில் காய்ந்து ஒட்டிக்கொள்ளும் பாலை, அந்த ஒட்டுப்பாலை, வெட்டுகிறவர்கள் உரித்துப் பையில் போட்டுக்கொள்வார்கள். இங்கே அது பையில் போகவில்லை. நாடாவாக உரித்து, சிரட்டைக் கம்பியில் முடிச்சுப் போட்டிருந்தது. பக்கத்து மரத்தில் முடிச்சில்லை, கம்பியில் ஒரு காய்ந்த இலை செருகியிருந்தது. அதற்கடுத்ததில் ஒன்றுமில்லை. அதற்கடுத்ததில் முடிச்சு.

போனை எடுத்தாள். கடைசிப் பக்கம். புள்ளி, பெருக்கல், வெற்று, புள்ளி.

வரிசை வரிசையாக ஓடிப் பார்த்தாள். மலையின் கீழ்ப்பக்கம் பத்து வரிசை, வரிசைக்குப் பத்து மரம். கொப்பியில் எங்கெங்கே புள்ளி இருந்ததோ அங்கெல்லாம் முடிச்சு. எங்கெங்கே பெருக்கலோ அங்கெல்லாம் இலை. கொப்பியில் கட்டம் போட்டவர் கடலை இந்தச் சரிவிலேயே விரித்து வைத்திருந்தார்.

"இஞ்ச ஒன்னு கூடக் கெடக்குது, மிஸ்," என்று கீழிருந்து கத்தினான் ஜமால்தீன். "நாலாம் வரிசை, ஏழாம் மரம். புது முடிச்சி. கொப்பியில ஈக்கா?"

இல்லை. கொப்பி போன பிறகும் ஆட்டம் நடந்திருக்கிறது.

"யாரு அது? ஒட்டுப்பாலுல கை வச்சா ரிப்போட் பண்ணிருவேன்!"

குடையும் கம்புமாக ஒருவர் சரிவில் வந்துகொண்டிருந்தார். தோட்டத்து வாச்சர், சின்னத்தம்பி. அறுபதை நெருங்கும் வயது. வெட்டில்லாத நாட்களில் இந்த மலையைச் சுற்றி வருவதுதான் அவர் வேலை. ஒருநாள் விட்டு ஒருநாள். விஜயகலா அவரைப் பார்த்ததும் நேரத்தை வீணாக்கவில்லை.

"நாலாம் வரிசை ஏழாம் மரம். பட்டுச்சா, தண்ணியா?"

வாச்சரின் கம்பு நடுவழியில் நின்றது. "என்னா பேசுறீங்க? எனக்கு ஒன்னும் தெரியாது."

"முடிச்சு நீங்க போட்டதுதானே?"

"வேலை நேரத்துல நான் ஏன் முடிச்சுப் போடுறேன்? வாச்சர் வேலைய விட்டுத் தூக்கவா? போங்க, போங்க. பாஸ் இல்லாம தோட்டத்துக்குள்ள வரக் கூடாது."

"பெரியவரே," என்றாள் விஜயகலா. அவள் குரல் உடைந்துபோகும் அளவுக்கு எரிச்சல் வந்திருந்தது. "இந்த விளையாட்டுக் கொப்பிய குண்டு வைக்கிற திட்டம்னு பொலிஸ் புடிச்சு வச்சிருக்கு. நாலு மணிக்குப் பையன கொழும்புக்குக் கொண்டு போறாங்க. உங்களுக்காக வாயை மூடிக்கிட்டிருக்கிற மதுசனை."

"மதுசனா?" சின்னத்தம்பி குடையைத் தாழ்த்தினார். "தங்கம்மா மகனா? அவனுக்கும் இதுக்கும் என்னாங்க சம்பந்தம்? நான் சண்ட போடுறது அவங்கம்மாவோட."

விஜயகலா திரும்பி ஜமால்தீனைப் பார்த்தாள்.

"அல்லாஹ்வே," என்றான் ஜமால்தீன் மெதுவாக. "நான் சென்னேன். காலத்துல ஒரு தரம் சரியாச் சென்னேன், அதையும் ஏத்துக்கல்ல."

"அவங்களுக்கு எழுதத் தெரியாதே!"

"யாரு சொன்னா? முத்து முத்தா எழுதுவா." சின்னத்தம்பிக்கு ரோசம் வந்துவிட்டது. "ரெண்டு வருசத்துக்கு முந்தி, அடுப்புப் பத்த வைக்க ஒட்டுப்பாலு எடுத்தாள்னு அவளப் புடிச்சுக் குடுத்தேன். அன்னியிலேருந்து பேச்சு இல்ல. மறாநா பாத்தா மரத்துல ஒரு கடுதாசி. 'வாச்சர் அவர்களுக்கு. வாயால சண்ட போட எனக்கு நேரமில்ல. தைரியம் இருந்தா கப்பல் சண்டைக்கு வாங்க.' கீழ எப்படி விளையாடுறதுன்னும் எழுதியிருந்தா. கீழ்ப்பத்து வரிசையில என் கப்பல், மேல்பத்துல அவ கப்பல். அவ வெட்டுற அன்னிக்கு ஒரு முடிச்சு. தண்ணின்னா மறாநா நான் அவுத்துட்டு இலை சொருகணும். பட்டுச்சுன்னா அப்படியே விடணும். மேல நான் முடிச்சுப் போட்டா அவளும் அப்படித்தான். இந்த ஒன்ன இன்னும் அவுக்கல. அது என் பெரிய கப்பல்ல பட்டுருச்சு. இன்னிவரைக்கும் ஒத்த வார்த்த பேசினதில்ல. ஆனா ஒருநாளும் பொய்யா இலை சொருகினதில்ல, ரெண்டு பேரும்."

விஜயகலா ஈரமண்ணில் அப்படியே உட்கார்ந்துவிட்டாள். மத்தியானத்துக்கு முந்தியே கொப்பிப் பக்கங்கள் அவள் போனில் இருந்தன. அந்தப் பெண் பொலிஸ் வாங்கில் எதிரே உட்கார்ந்திருந்தாள். ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, இதைப் பாருங்க அக்கா என்று நீட்டியிருந்தால் போதும். கைநாட்டுக்காரிக்கு எதைக் காட்டுவது என்று விட்டுவிட்டாள். துப்பறிகிறாளாம், துப்பு.

"எழும்புங்க, மிஸ். உங்கள நீங்களே ஏசுறத எறக்கத்துல ஏசலாம். வாச்சர் ஐயா, ஏறுங்க."

"என் வேலை?"

"உங்க வேலைக்கு நான் வந்து பேசுறேன்," என்றாள் விஜயகலா. பேசிப் பயன் இருக்குமா என்று அவளுக்குத் தெரியாது. அவருக்கும் தெரியாது. இருந்தும் ஏறினார்.

இறக்கத்தில் மண் சரிந்து பாதி ரோடு போயிருந்தது. மண் அள்ளும் பெகோ இயந்திரம் வரும்வரை வரிசை. முக்கால் மணி நேரம்.

பொலிஸ் நிலைய வாசலில் அவர்கள் இறங்கியபோது மணி மூன்று ஐம்பத்தைந்து. கொழும்பு வண்டி வந்து நின்றிருந்தது. மதுசன் விலங்கோடு படியில் நின்றான். தங்கம்மா அவன் சட்டையைப் பிடித்துக்கொண்டிருந்தாள்.

விஜயகலா போனை அவள் முகத்துக்கு நேரே நீட்டினாள். "அக்கா, இது யாருது?"

தங்கம்மா கண்ணைச் சுருக்கிப் பார்த்தாள். அழுகை நின்றது. "இது என் கொப்பி! கூரைத் தகட்டுக்குள்ள சொருகி வச்சிருந்தேனே. இதுக்காகவா? டேய், இதுக்காகவாடா?"

"அம்மா, பேசாதீங்க!" என்று கத்தினான் மதுசன். "உங்களத்தான் கொண்டு போவாங்க!"

இன்ஸ்பெக்டர் எல்லோரையும் உள்ளே கூப்பிட்டார். கொழும்பு ஆட்களிடம் பத்து நிமிடம் கேட்டார். சின்னத்தம்பி சொன்னதை விஜயகலா சிங்களத்தில் சொன்னாள். அவர் முழுவதையும் கேட்டுவிட்டு, காலையில் எழுதிய வாக்குமூலத்தை எடுத்து மேசையில் வைத்தார். அடியில் நீலப் பெருவிரல்.

"காலையில எழுதத் தெரியாதுன்னு இதுல ரேகை வச்சாங்க. சாயங்காலம் கொப்பியே எழுதினேன்கிறாங்க. ரெண்டுல ஒன்னு பொய். எதை நான் கொழும்புக்குச் சொல்ல?"

"தெரியாதுன்னு நான் எங்கீங்க சொன்னேன்?" என்றாள் தங்கம்மா, தனக்குத் தெரிந்த சிங்களத்தில். "மைய நீட்டினீங்க. விரல வச்சேன்."

"ஏன் வச்சீங்க?"

அவள் சின்னத்தம்பியை ஒருமுறை பார்த்தாள். தோட்டத்து ஆள் முன்னால் சொல்ல வேண்டியிருந்ததுதான் அவளுக்குக் கஷ்டம் போலிருந்தது. "பதினாலு வயசுல தோட்டத்து வேலைக்குப் பேர் பதிஞ்சாங்க, சேர். பதினெட்டுன்னு சொல்லித்தான் பதிஞ்சது. படிச்ச புள்ளைன்னு தெரிஞ்சா ஸ்கூல்ல போய் வயசு பாப்பாங்கன்னு கிளாக்கர் ஐயா கைநாட்டுப் போடச் சொன்னாரு. தோட்டத்துப் பேர்ப்பதிவுல, செக்ரோல்ல அப்படியே நின்னு போச்சு. இப்பப் போயி கையெழுத்து வச்சா, முப்பது வருசப் பொய்யக் கேப்பாங்க. அதனால எங்க போனாலும் விரல்தான்."

இன்ஸ்பெக்டர் ஒரு வெள்ளைத் தாளையும் பேனாவையும் தள்ளினார். "எழுதுங்க. அந்தக் கப்பல்களைப் பத்தி. பார்க்காம."

தங்கம்மா பேனாவை எடுத்தாள். பால் காய்ந்து கறுத்த விரல்கள். எழுதத் தொடங்கினாள். பிறகு நிற்கவில்லை. தமிழ் தெரிந்த கொன்ஸ்டபிள் சஜீதா, தோளுக்கு மேலால் குனிந்து, வரி வரியாகச் சிங்களத்தில் வாசித்துச் சொன்னாள்.

"கார்ன்வோல், டோர்செட்ஷயர். ஏப்ரல் ஐந்து, ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். இரண்டையும் அடித்த ஜப்பான் கப்பல்களை இரண்டும் கண்ணால் பார்க்கவே இல்லை. அடித்தவர்கள் வானத்தில் வந்து போனார்கள். பெரிய பீரங்கி வைத்துக்கொண்டு எதிரியைத் தேடுகிற காலம் அதோடு முடிந்தது..." சஜீதா நிறுத்தி மூச்சு வாங்கினாள். "ஹெர்மிஸ். ஏப்ரல் ஒன்பது. விமானம் ஏற்றுவதற்கென்றே போட்ட கப்பல். மூழ்கிய அன்று அதில் ஒரு விமானம்கூட இருக்கவில்லை. எல்லாம் திருகோணமலையில் கரையில் நின்றன. காப்பாற்ற வந்த விமானங்கள் பிந்தி வந்தன."

இன்ஸ்பெக்டர் தாளையும் கொப்பியையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார். 'ழ'வின் வால் இரண்டிலும் ஒரே மாதிரி இடப்பக்கம் சுருண்டிருந்தது. தமிழ் தெரியாத அவருக்கே அது தெரிந்தது.

"இதெல்லாம் எங்க படிச்சீங்க?"

"மகன் போன்ல வீடியோ பாப்பேன், சேர். நான் கடலப் பாத்ததில்ல."

அவர் போனை எடுத்துக்கொண்டு பின்னறைக்குப் போனார். கதவு சாத்திக்கொண்டது. நாலு இருபது. நாலரை. நாலு ஐம்பது. விஜயகலா நகத்தைக் கடித்துக் கடித்துச் சதை வரை வந்துவிட்டாள். சின்னத்தம்பியும் தங்கம்மாவும் ஒரே வாங்கின் இரண்டு முனையில் இருந்தார்கள். இருவரும் சுவரைப் பார்த்தபடியே இருந்தார்கள்.

"நாலு, ஏழு," என்றார் சின்னத்தம்பி சுவரிடம். "பட்டுச்சு."

"தெரியும்," என்றாள் தங்கம்மா.

கதவு திறந்தது. "பையன் போகலாம். திங்கக்கிழமை மூணு பேரும் வரணும். கொப்பியும் பையனோட போனும் வண்டியில போகும். அதை என்னால நிறுத்த முடியல, மிஸ். கேட்டுப் பார்த்தேன்."

"அது வெறும் விளையாட்டுன்னு இப்பதானே நிரூபிச்சோம்!"

"எனக்கு நிரூபிச்சீங்க. அவங்க வாசிக்கட்டும்."

விஜயகலாவுக்கு மேசையை உதைக்க வேண்டும் போலிருந்தது. உதைக்கவில்லை. கொப்பி பழுப்பு உறைக்குள் போனது, அதன் மேல் போன் போனது, அரக்கு வைத்தார்கள். வண்டி கேட்டைத் தாண்டி, அவிசாவளைப் பக்கம் திரும்பி மறைந்தது.

மதுசன் படியில் உட்கார்ந்து ஆறிப்போன சோற்றைத் தின்றான். தங்கம்மா அவன் முதுகில் ஓங்கி ஒன்று வைத்தாள். பிறகு அதே இடத்தைத் தடவினாள்.

"எதுக்குடா கொண்டு போனே?"

"உங்க கொப்பியக் கடலுக்குக் கிட்ட வச்சு ஒரு படம் எடுத்து, பிரேம் போட்டுக் குடுக்கலாம்னு. ஹெர்மிஸ் பக்கத்த விரிச்சு வச்சு எடுத்தேன். போன்ல இருந்துச்சும்மா. போயிருச்சு."

"கப்பல் தெரிஞ்சுச்சா?"

"இல்லம்மா. வெறும் தண்ணி."

"தெரியாதுடா. நூத்தி எழுவது அடி கீழ கெடக்கு." அவள் அவன் பக்கத்தில் படியில் உட்கார்ந்தாள். ஜமால்தீன் ஏதோ சொல்ல வாயெடுத்தான். விஜயகலா அவன் கையைப் பிடித்து நிறுத்தினாள். "சரி, படம்தான் போச்சு. நீ பாத்தேதானே? வாயால சொல்லு."

மதுசன் சோற்றுக் கையோடு யோசித்தான். "எங்கேருந்து ஆரம்பிக்கிறதுன்னே தெரியலம்மா."

"கரையிலேருந்து ஆரம்பி," என்றாள் தங்கம்மா.